சர்க்கார் திருப்பித் தந்த ஒரு மணி நேரம்

எத்திராஜ் துவைத்த வேட்டியைக் கட்டிக்கொண்டு, வெற்றிலை பாக்குத் தட்டைக் கையில் எடுத்து, வாசற்படி தாண்டுகிற நேரம் பார்த்துத்தான் கோவிந்தன் வந்து சேர்ந்தான். நல்ல காரியத்துக்குக் குறுக்கே வருவதற்கென்றே கடவுள் ஊருக்கு ஒருவனைச் செய்து அனுப்புகிறார். பூந்தமல்லிக்கு இவன்.

"எங்க அண்ணாத்தே, தட்டெல்லாம் எடுத்துகினு?"

"வேலப்பன்சாவடிக்கு."

"பரந்தாமன் ஊட்டுக்கா? நீயா?"

"நானாவா போறேன்? பொண்ணப் பெத்துட்டேன், போறேன்!" என்று எத்திராஜ் பல்லைக் கடித்தான்.

உள்ளேயிருந்து அவன் மனைவி சாமுண்டீஸ்வரி, "நின்னு பேசாதீங்க, போங்க" என்று குரல் கொடுத்தாள். மூன்று வருஷம் கெஞ்சி, இரண்டு நாள் பட்டினி கிடந்து, அவனை அந்தப் படி வரைக்கும் கொண்டுவந்து நிறுத்தியிருந்தாள் அவள்.

அவர்கள் மகள் நாகவல்லிக்கு ஆவடி வீராசாமியின் மகன் மணவாளனைப் பேசி முடித்திருந்தது. ஐப்பசி முதல் முகூர்த்தத்தில் கல்யாணம். வீராசாமி நகை கேட்கவில்லை, பாத்திரம் கேட்கவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டார். பெண்ணைத் தாய்மாமன் கையைப் பிடித்து அழைத்துவந்து மணையில் உட்கார வைக்க வேண்டும். எந்த வீட்டிலும் நடக்கிற வழக்கம்தான். ஆனால் நாகவல்லியின் தாய்மாமன் பரந்தாமன். சாமுண்டீஸ்வரியின் அண்ணன். அவரோடு எத்திராஜுக்கு மூன்று வருஷமாகப் பேச்சுவார்த்தை கிடையாது. பெயரைச் சொன்னாலே கையில் இருப்பதைத் தூக்கி எறிவான். அந்த வீட்டில் நெளியாத சொம்பு ஒன்று கிடையாது.

காரணம் சர்க்கார். உலகச் சண்டைக்கு ஆகும் என்று சொல்லி, மூன்று வருஷத்துக்கு முன்னால் சர்க்கார் நாட்டிலுள்ள கடிகாரத்தையெல்லாம் ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்தது. ஜப்பான்காரனை விரட்டுவதற்கும் பூந்தமல்லிக் கடிகாரத்துக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்க ஆளில்லை. அரிசியைப் பிடுங்கினார்கள், சீமெண்ணெயைப் பிடுங்கினார்கள், போகிற போக்கில் ஒரு மணி நேரத்தையும் பிடுங்கிக்கொண்டார்கள். அன்றிலிருந்து ஊரில் இரண்டு மணி. பஸ்ஸும் தாலுகாக் கச்சேரியும் புது மணி. சூரியனும் மாடும் எத்திராஜும் பழைய மணி.

மணி மாறிய மூன்றாம் நாள் வியாழக்கிழமை. பரந்தாமன் மகள் ராணிக்கு அன்றுதான் கல்யாணம். பத்திரிகையில் ஏழரைக்கு மேல் முகூர்த்தம் என்று போட்டிருந்தது. எந்த ஏழரை என்று போடவில்லை. அந்த வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. தாலி கட்டுவதற்கு முன் வீட்டின் மூத்த மாப்பிள்ளைக்கு மாலை போட்டு, அவர் கையால் தாலித் தட்டை எடுத்துக் கொடுக்கச் சொல்வார்கள். மூத்த மாப்பிள்ளை எத்திராஜ். சாமுண்டீஸ்வரி இரண்டு நாள் முன்னதாகவே கல்யாண வேலைக்குப் போய்விட்டாள். இவன் கீரைத் தோட்டத்தை விட முடியாமல், கல்யாணத்தன்று காலையில்தான் கிளம்பினான். பந்தலுக்குள் நுழைந்தபோது தாலி ஏறி முடிந்து, பெண்ணும் மாப்பிள்ளையும் அக்கினியைச் சுற்றிக்கொண்டிருந்தார்கள். மாலை, பரந்தாமனின் இளைய தங்கை புருஷனான சின்ன மாப்பிள்ளை கழுத்தில் கிடந்தது. அவன் அம்பத்தூர் ரயில் ஸ்டேஷனில் தண்டவாளம் மாற்றிவிடுகிற பாயிண்ட்ஸ்மேன். கடிகாரத்தைப் பார்த்தே பிழைக்கிறவன், நேரத்தோடு வந்து கழுத்தை நீட்டிவிட்டான்.

"விடியறதுக்கு முன்னாடி கெளம்பி நேரா வந்தேன்! நேரா வந்தேன்யா!" என்று எத்திராஜ் போட்ட கூச்சலில் நாதஸ்வரக்காரர் வாசிப்பை நிறுத்திவிட்டார். அதோடு விட்டானா? "புது மணி ஏழரைன்னா பழைய மணி ஆறரை. வியாழக்கெழம ஆறரை சுத்த எமகண்டம்! எமகண்டத்துல தாலி கட்டிக்கீறான்!" என்று பந்தல் நடுவில் நின்று அறிவித்துவிட்டுத் துண்டை உதறிக்கொண்டு போனான். எமகண்டத்தில் தாலி கட்டிக்கொண்ட ராணிக்கு அடுத்தடுத்து இரண்டு பிள்ளைகள் பிறந்தன. மாப்பிள்ளைக்குத் தொப்பை விழுந்தது. அதில் எத்திராஜின் கோபம் இன்னும் ஏறியதே தவிர இறங்கவில்லை.

இதெல்லாம் கோவிந்தனுக்கும் தெரியும். அவன் எத்திராஜின் சித்தப்பா மகன். ஆவடி மிலிட்டரி கேம்பில் துரைமாருக்கு டீ போடுகிற வேலை. இங்கிலீஷில் அவனுக்குத் தெரிந்தது எஸ் சார், நோ சார், மோர் சுகர் சார். இந்த மூன்றை வைத்துக்கொண்டு துரைமார் பேசுகிற சகலமும் தனக்குப் புரிகிறது என்று சொல்லிக்கொண்டு திரிந்தான்.

"தட்ட கீழ வை அண்ணாத்தே" என்றான் கோவிந்தன். "பெரிய தப்பு பண்ணப் பாத்தே. கேம்புல ஒரு துரை கீறாரு. காலத்தைப் பத்தியே படிச்சவரு. நேத்து இன்னொரு துரைகிட்ட சொல்லிகினு இருந்தாரு. காலம்ன்றது ஒன்னு இல்லியாம். நெறைய கீதாம்."

"அதான் எனக்கே தெரியுமே. பழைய மணி, புது மணி."

"ஆங்! ரெண்டு நாரு. பூ கட்டறாங்களே, அந்த மாதிரி. இந்த நாரு பழைய மணி, அந்த நாரு புது மணி. நடுவுல ஒவ்வொரு பூவும் ஒரு நாளு. வெறும் நார்ல பூ நிக்குமா? முடிச்சு போடணும்ல. அந்த முடிச்சு இன்னா தெரியுமா?"

"இன்னா?"

"கோவம்."

எத்திராஜ் தட்டைக் கீழே வைத்தான்.

"யோசிச்சுப் பாரு. நீ சாந்தமா இருந்த நாளு எதுனா ஞாபகம் கீதா?"

எத்திராஜ் யோசித்தான். அப்படி ஒரு நாள் இருந்ததாகவே தெரியவில்லை. "இல்ல."

"கோவப்பட்ட நாளு?"

"எல்லாம் கீது. ஒன்னு வுடாம கீது."

"பாத்தியா! சாந்தமா இருந்த நாளெல்லாம் முடிச்சு இல்லாம உதுந்து பூட்டுது. நேத்து நம்மளத் திட்டினவன இன்னிக்கும் கருவிகினு கீறோம் பாரு, அதுலதான் நேத்தும் இன்னிக்கும் ஒட்டிகினு கீது. உன்ன மாதிரி நாலு பேரு வுடாம கோவப்படறதாலதான் ஊரு முழுக்க ஒரே நாள்ல கீது. இல்லன்னா உனக்குச் செவ்வாய்க்கெழம, உன் பொண்டாட்டிக்கு வெள்ளிக்கெழமன்னு ஆயிருக்கும்."

எத்திராஜுக்கு உடம்பு சிலிர்த்தது. கோபத்தால் உடம்புக்குக் கெடுதல் என்று சொன்னவர்கள் உண்டு. குடும்பத்துக்குக் கெடுதல் என்று சொல்லாதவர்களே இல்லை. அவன் கோபத்தால் உலகத்துக்கு ஒரு உபயோகம் இருக்கிறது என்று சொன்ன முதல் மனிதன் கோவிந்தன்தான்.

"இன்னொன்னு கேளு. சண்டை முடிஞ்சு போச்சுல்ல? வர்ற திங்கக்கெழம சர்க்கார் அந்த ஒரு மணி நேரத்தைத் திருப்பித் தராங்க. பேப்பர்லயே போட்டுட்டான். கடியாரத்தைப் பழையபடி பின்னால தள்ளப் போறாங்க. ஆனா அந்த மணி எல்லாருக்கும் கெடைக்காது. எவன் முடிச்ச அவுக்காம வெச்சிருக்கானோ அவனுக்குத்தான் கெடைக்கும். அந்த மணிக்குள்ள பூந்து, வுட்டுப்போன மாலைய வாங்கிக்கலாம். நீ இன்னிக்கே போயி சமாதானம் ஆயிட்டேன்னு வெச்சிக்கோ, முடிச்சு அவுந்துச்சு. மணியும் போச்சு, மாலையும் போச்சு."

துரை உண்மையில் என்ன பேசினாரோ, யாருக்குத் தெரியும்? சர்க்கரை போதவில்லை என்று சொல்லியிருக்கலாம். எத்திராஜ் துண்டை எடுத்துக் கொடியில் போட்டான்.

"நான் போவல."

சாமுண்டீஸ்வரி வெளியே வந்து இருவரையும் பார்த்தாள். கையில் துடைப்பம் இருந்தது. கோவிந்தன் அதற்கு முன்பே தெருவில் இறங்கிவிட்டான்.

திங்கட்கிழமைக்கு இன்னும் ஆறு நாள் இருந்தது. அதுவரை கோபத்தை ஆறாமல் வைத்திருக்க வேண்டும். எத்திராஜுக்கு இது ஒரு வேலையா என்று நினைக்கலாம். ஆனால் தானாக வருகிற கோபம் வேறு, வேலையாகச் செய்கிற கோபம் வேறு. பயந்து பயந்து பார்த்துக்கொண்டதாலோ என்னவோ, அது ஆறிப்போன கஞ்சி போல ஏடு கட்ட ஆரம்பித்தது. போதாக்குறைக்கு மறுநாளே பரந்தாமன் வீட்டு வண்டி வந்து வாசலில் நின்றது. கல்யாண வீட்டுக்கு என்று ஒரு டின் சீமெண்ணெய் அனுப்பியிருந்தார்.

அந்தக் காலத்தில் சீமெண்ணெய்! ஒரு போத்தலுக்கு அரை நாள் வரிசையில் நிற்க வேண்டும். நின்றாலும் வேட்டிதான் கிழியும். டின்னைப் பார்த்ததும் சாமுண்டீஸ்வரிக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "எங்க அண்ணன் மனசப் பாருங்க. நீங்க தட்டு எடுத்தத யாரோ சொல்லியிருக்காங்க. உடனே அனுப்பிச்சுட்டாரு."

எத்திராஜுக்கும் நெஞ்சுக்குள் ஏதோ இளகியது. முடிச்சு! பதறிப்போனான். டின்னைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு வேலப்பன்சாவடிக்கு நடந்தான். பஸ்ஸில் போகலாம்தான். ஆனால் பெட்ரோலுக்குப் பதில் கரியைப் போட்டு, புது மணிப்படி ஓடுகிற அந்த பஸ்ஸில் அவன் ஏறுவதில்லை. நடுவில் குமணன்சாவடியில் ஒரு வண்டிக்காரனோடு சண்டை. வேலப்பன்சாவடி முனையில் பூ விற்கிற அங்கம்மாவோடு ஒரு சண்டை, அது எப்போதும் உள்ளது. அவள் பூவை முழம் போடும்போது முழங்கையை உள்ளே இழுத்துக்கொள்கிறாள் என்பது எத்திராஜின் கட்சி. அந்தப் பக்கம் போகும்போதெல்லாம், பூ வாங்கினாலும் வாங்காவிட்டாலும், அதைச் சொல்லிவிட்டுத்தான் போவான்.

பரந்தாமன் வாசலில்தான் இருந்தார். எத்திராஜ் டின்னை அவர் காலடியில் தொப்பென்று வைத்தான்.

"உன் எண்ணெயில எரியற வெளக்கு முன்னாடி எம் பொண்ணு தாலி கட்டிக்க மாட்டா!"

பரந்தாமன் முகம் செத்துப்போயிற்று. பிறகு சிவந்தது. "அப்டியா? எண்ணெய் வேணாம்னா இந்தக் கையும் வேணாம். உம் பொண்ண யாரு கூட்டிகினு வந்து குந்த வெப்பாங்களோ, அவங்களையே கூப்ட்டுக்கோ. போய்யா!"

வீடு திரும்பும்போது பொழுது சாய்ந்துவிட்டது. "ஒரு டின்னக் குடுத்துட்டு வர இவ்ளோ நேரமா?" என்றாள் சாமுண்டீஸ்வரி.

"நேராத்தான் வந்தேன்."

கோவிந்தன் விஷயம் கேள்விப்பட்டு ஆனந்தப்பட்டான். "ரெட்டை முடிச்சு அண்ணாத்தே! இனிமே அவுறவே அவுறாது."

அவிழாதுதான். ஆனால் ஊரில் வாய் இருக்கிறதே. விஷயம் ஆவடிக்குப் போயிற்று. வெள்ளிக்கிழமை வீராசாமி நேரில் வந்தார். மிலிட்டரி டிப்போவில் ஸ்டோர் கிளார்க். வாழ்க்கையில் அவர் சம்பாதித்தது ஒரு நல்ல பெயரும் ஒரு கைக்கடிகாரமும். உட்கார்ந்ததும் கடிகாரத்தைப் பார்த்து, "பதினொன்னுக்கு வரேன்னு சொல்லி அனுப்பிச்சேன். கரெக்டா வந்துட்டேன்" என்றார்.

சும்மா இருந்திருக்கலாம். நாகவல்லி மோர் கொண்டுவந்து வைத்துவிட்டு அப்பாவைக் கண்ணால் கெஞ்சினாள். எத்திராஜுக்கும் சும்மா இருக்க வேண்டும் என்றுதான் இருந்தது. ஆனால் திங்கட்கிழமை வரை முடிச்சு தளரக் கூடாதே.

"எந்தப் பதினொன்னு?"

"இன்னா கேக்கறீங்க?"

"எந்தப் பதினொன்னுன்னு கேட்டேன். வெளிய போயி நெழலப் பாரும். சூரியன் பத்துன்றான். நீரு பதினொன்னுன்றீரு. சூரியன் பொய் சொல்றானா, நீரு பொய் சொல்றீரா?"

வீராசாமி எழுந்து நின்றார். மோரைத் தொடவில்லை. "நான் சண்டைக்கு வர்ல. தாய்மாமன வேணாம்னு அனுப்பிச்சிட்டதா கேள்விப்பட்டேன். மாமன் கை படாத பொண்ண எங்க ஊட்ல யாரும் எடுத்தது கெடையாது. திங்கக்கெழம வெளக்கு வெக்கறதுக்குள்ள அவரு எங்க ஊட்டுக்கு வந்து தாம்பூலம் குடுக்கட்டும். வரலன்னா, திருமழிசையில ஒரு பொண்ணு சொல்லியிருக்காங்க, அத போயிப் பாப்பேன்."

அவர் தெருமுனை தாண்டினார். சாமுண்டீஸ்வரி அடுப்பை அணைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். நாகவல்லிதான் வந்து அப்பா எதிரில் நின்றாள். அதுவரை அவள் அவனிடம் குரலை உயர்த்தியதில்லை.

"அந்த ஒரு மணி நேரத்துல உனக்கு இன்னாப்பா போச்சு?"

"மாலை. என் மரியாத."

"ஒரு மால. அதுக்கு மூணு வருசமா நாங்க சோத்துல கை வெச்சா சொம்பு பறக்குது. இப்ப எனக்கு இன்னா போவுதுன்னு தெரியுமா? உனக்கு மணிதான் முக்கியம். எம் பேச்ச எடுத்தப்பகூட நீ என்னப் பாக்கல, சூரியனைத்தான் பாத்தே."

சொல்லிவிட்டு அவள் அழவில்லை. அதுதான் எத்திராஜைச் சுட்டது. பெண்ணின் முகத்தைப் பார்க்க முடியாமல் தோட்டத்துக்குப் போய்க் கீரைப் பாத்தியின் நடுவில் உட்கார்ந்தான். தன் மேலேயே கோபம் வந்தது. அது பழக்கமில்லாத கோபம். அதை எந்தப் பக்கம் எறிவது என்று தெரியவில்லை. ஒன்று மட்டும் புரிந்தது. திங்கட்கிழமை விடிந்ததும் அந்த மணியை வாங்க வேண்டும். வாங்கினால் மாலை, மாலை விழுந்தால் கோபம் தீரும், கோபம் தீர்ந்தால் பரந்தாமனை அழைத்துக்கொண்டு நேரே ஆவடி. வேறு வழி இல்லை.

திங்கட்கிழமை கோழி கூவுமுன் கிளம்பினான். வெறுங்கையோடு போகக் கூடாது என்று வேலப்பன்சாவடி முனையில் ராணிக்கும் அவள் அம்மாவுக்கும் பூ கேட்டான்.

அங்கம்மா பூவை எடுத்து முழங்கையில் வைத்து அளந்தாள்.

"கைய இழுக்கற பாத்தியா!"

"கையே இவ்ளோதான் நைனா. கடவுள் குடுத்த கை."

"கடவுள் குட்டையா குடுத்தா அதுக்கு நானா ஆளு? என் கையில அளந்து குடு."

"உன் கையில அளந்தா உனக்கு நானு பூந்தோட்டத்தையே எழுதிக் குடுக்கணும். உங்கூட பேசிகினு இருந்தா என் பூ வாடிப் பூடும் நைனா!"

வாடியும்விட்டது. எத்திராஜ் பரந்தாமன் வீட்டு வாசலை மிதித்தபோது வெயில் நன்றாக ஏறியிருந்தது.

பரந்தாமன் பல் விளக்கிவிட்டு, துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு நின்றார். "இன்னா மாப்ளே, டின்னத் திருப்பிக் குடுத்துட்டே. இப்ப இன்னா வாங்கிகினு போவ வந்தே?"

"என் ஒரு மணி நேரத்த."

"இன்னாது?"

"சர்க்காரு திருப்பிக் குடுத்துட்டான். ஊரையே அடிச்சு ஒலையில போட்டவன், அவனே குடுத்துட்டான். நீ குடுக்க மாட்டியா? மாலை எடுத்துகினு வா. பொண்ணையும் மாப்பிள்ளையையும் மணையில குந்த வை. அன்னிக்கி வுட்டத இன்னிக்கி முடி."

பரந்தாமன் அவனை மேலும் கீழும் பார்த்தார். "உனக்குப் புத்தி கித்தி கெட்டுப்போச்சா? இன்னிக்கி திங்கக்கெழம. ஏழரையிலேர்ந்து ராகு காலம். ராகு காலத்துல எவன்யா மால போடுவான்?"

"எமகண்டத்துல தாலியே கட்ட வெச்சவன், ராகு காலத்துல மால போட்டா கொறஞ்சா பூடுவே?"

அந்த வார்த்தையைக் கேட்டதும் பரந்தாமன் கையிலிருந்த துண்டு கீழே விழுந்தது. மூன்று வருஷமாக அவர் இப்படிச் சத்தம் போட்டு யாரும் கேட்டதில்லை. இப்போது தெருவே கேட்டது.

"திருப்பிச் சொல்லுடா அத! எம் பொண்ணு கழுத்துல தாலி ஏறின நிமிசத்துல பந்தல் நடுவுல நின்னுகினு எமகண்டம் எமகண்டம்னு கூவினியே. உனக்கு மால போச்சு. எனக்கு இன்னா போச்சு தெரியுமா? தூக்கம் போச்சு. எம் பேரனுக்கு இருமல் வந்தாலும் அந்த வார்த்த, மாப்பிள்ள வர லேட்டானாலும் அந்த வார்த்த. மூணு வருசமா நான் ஒரு ராத்திரி நிம்மதியா படுக்கலடா, பாவி!"

தன்னுடைய கோபத்தை மட்டுமே எத்திராஜ் எண்ணிக்கொண்டிருந்தான். இந்தப் பக்கம் இன்னொரு முடிச்சு இறுகிக்கொண்டிருந்தது அவனுக்குத் தெரியவே தெரியாது. வாடிய பூவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். பிறகு, கேட்டுப் பழகாத குரலில், "வெளக்கு வெக்கறதுக்குள்ள நீ ஆவடிக்கு வரலன்னா நாகவல்லி கல்யாணம் நின்னு பூடும் மச்சான்" என்றான்.

உள்ளேயிருந்து ராணி வந்தாள். இடுப்பில் ஒரு குழந்தை, முந்தானையைப் பிடித்துக்கொண்டு ஒரு குழந்தை. அவளும் புருஷனும் இரண்டு நாளாக அங்கேதான் இருந்தார்கள். அவள் அப்பாவையும் பார்த்தாள், மாமாவையும் பார்த்தாள்.

"எனக்கு ரெண்டு புள்ள பொறந்தாச்சு. எமனுக்கு என் அட்ரஸ் தெரியல. உங்க ரெண்டு பேருக்குந்தான் இன்னும் கண்டம் வுடல" என்றாள். "அப்பா, மாலயப் போட்டுத் தொலை. மாமா, நீயும் வாங்கித் தொலை. நாகவல்லி இன்னா பாவம் பண்ணா?"

அங்கம்மாவுக்கு ஆள் போயிற்று. அவள் கையில் இருந்த பூவையெல்லாம் சேர்த்து ஒரு மாலை கட்டி எடுத்துக்கொண்டு ஓடிவந்தாள். கூடத்தில் இரண்டு மணை போட்டார்கள். ராணி ஒன்றில், தொப்பையோடு அவள் புருஷன் ஒன்றில். மடியில் ஆளுக்கு ஒரு குழந்தை. பெரியது மணையை விட்டு இறங்கி ஓடப் பார்த்தது, சின்னது வீறிட்டு அழுதது. மேளத்துக்குப் பக்கத்து வீட்டுக்காரர் தாம்பாளத்தைத் தட்டினார். இப்படி ஒரு கல்யாணத்தை வேலப்பன்சாவடி அதற்கு முன் பார்த்ததில்லை. ராகு காலத்துக்கு முன்பா பின்பா என்று மட்டும் யாரும் கேட்கவில்லை. அந்த வீட்டுக் கடிகாரத்தை இன்னும் பின்னால் தள்ளவில்லை என்பதால், கேட்டாலும் சொல்ல ஆளில்லை.

பரந்தாமன் மாலையை எத்திராஜ் கழுத்தில் போட்டார். பூ குளிர்ச்சியாக இருந்தது. எத்திராஜ் வெறும் தட்டை எடுத்து ராணியின் புருஷனிடம் நீட்டினான். அப்புறம் ராணியின் தலையில் கையை வைத்தான்.

"நான் சொன்ன வார்த்தைய நானே திருப்பி எடுத்துக்கறேம்மா. நீ நூறு வருசம் நல்லா இருப்பே."

பரந்தாமன் அழுதுவிட்டார். அதைப் பார்த்து எத்திராஜும் அழுதான். நெஞ்சுக்குள் மூன்று வருஷமாகக் கிடந்த கட்டி கரைந்து போவது அவனுக்கே தெரிந்தது. முடிச்சு அவிழ்ந்ததும் நேற்றைய நாள் கழன்று ஓடுகிறதா என்று ஒருமுறை ஜன்னல் வழியாக வெளியே பார்த்துக்கொண்டான். ஒன்றும் ஓடவில்லை. ஒரு எருமைதான் போய்க்கொண்டிருந்தது.

"எடுடா வண்டிய! ஆவடிக்குப் போவணும். தாம்பூலத் தட்டு எங்க?" என்று பரந்தாமன் உள்ளே பார்த்துக் கத்தினார். சந்தோஷத்தில் வந்த சத்தம் அது. பிறகு எத்திராஜின் தோளில் கையைப் போட்டுக்கொண்டார். "எம்மேலதான் தப்பு மாப்ளே. பழைய மணியா புது மணியான்னு ஒரு வார்த்த சொல்லி அனுப்பிச்சிருக்கணும். உம்மேல ஒரு தப்பும் இல்ல."

மாலை போட்ட மனிதனுக்குப் பெருந்தன்மை தானாக வரும். "வுடு மச்சான். உன்னையும் கொற சொல்லக் கூடாது. எல்லாம் அந்த சர்க்கார் பண்ண அக்குறும்பு. நான் அன்னிக்கி விடியறதுக்கு முன்னாடி கெளம்பி நேரா வந்தேன். வழியில எங்கனா நின்னனா? ஒக்காந்தனா? நேரா வந்தேன். அவன்தான் என் மணிய திருடிட்டான்!"

கூடத்து வாசலில் காலிக் கூடையோடு நின்றுகொண்டிருந்த அங்கம்மா, எதையோ யோசித்துக் கணக்குப் போடுகிறவள் போல முகவாயில் விரலை வைத்துக்கொண்டாள்.

"ஏன் நைனா, மணி மாத்தின வாரம் நீ விடியக்காலையில வந்து எங்கூட முழத்துக்கு மல்லுக்கு நின்னுகினு இருந்தப்ப, கெட்டிமேளம் கேக்குது, யாரோ கல்யாணம் போல, போயி அட்சத போடுன்னு நான் சொன்னதுக்கு, எவன் ஊட்டுக் கல்யாணமா இருந்தா எனக்கு இன்னா, நீ மொதல்ல கைய நீட்டி அளந்து போடுன்னியே, அது இந்த ஊட்டுக் கல்யாணந்தானா?"